கணவர் வீட்டுச் சுவரில் சிலுவை இருந்தால் என் சாதிச் சான்றிதழ் செல்லாதா?

கேள்வி: எங்கள் ஊராட்சி, பட்டியல் இனப் பெண்களுக்கு ஒதுக்கப்பட்டது. 2021 அக்டோபர் தேர்தலில் தலைவராக ஜெயித்தேன். அப்பா, தாத்தா எல்லாரும் ஆவணங்களில் இந்து பள்ளர். என் டி.சி.யிலும் அதுவே இருக்கிறது. தாத்தா பெயரில் பஞ்சமி நிலம் உண்டு. என் கணவர் ரோமன் கத்தோலிக்கர். திருமணம் அவர்கள் தேவாலயத்தில் நடந்தது. ஆனால் நான் ஞானஸ்நானம் வாங்கவில்லை. தேர்தலில் தோற்றவர்கள் அப்போது வழக்கு எதுவும் போடவில்லை. மூன்று வருடம் கழித்து, நான் மதம் மாறியவள் என்று கலெக்டரிடம் மனு கொடுத்தார்கள். விசாரணைக்கு வந்தவர்கள் வீட்டுச் சுவரில் இருந்த சிலுவையைப் போட்டோ எடுத்தார்கள். அப்புறம் விசாரணை நோட்டீஸ் வந்தது, அதுவும் விசாரணைக்கு முந்தின நாள் சாயங்காலம். விசாரணை அறிக்கையின் நகல் தரவில்லை. அவகாசம் கேட்டேன், மறுத்துவிட்டார்கள். இப்போது சான்றிதழை ரத்து செய்து உத்தரவு வந்து 12 நாள் ஆகிறது. பதவியிலிருந்து ஏன் நீக்கக் கூடாது என்றும் தனியாக ஒரு நோட்டீஸ். ஹைகோர்ட் என்ன செய்யும்? நான் இந்தச் சாதிதான் என்று அங்கே நிரூபிக்க முடியுமா? அடுத்த தேர்தலில் என் வேட்புமனுவைத் தள்ளிவிட்டால் என்ன செய்வது?

— வாசகி, தென் மாவட்டம்

பதில்: அன்புச் சகோதரிக்கு,

கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். முதலில் ஒன்று சொல்கிறேன். நீங்கள் செய்தது குற்றம் எதுவும் இல்லை. நீங்கள் எழுதியிருப்பது அத்தனையும் உள்ளபடியே உண்மை என்றால், உங்கள் கையில் நல்ல வழக்கு இருக்கிறது. ஆனால் அந்த வழக்கு எங்கே இருக்கிறது என்பதில்தான் பலரும் தடுமாறுகிறார்கள். நீங்களும் கேள்வியின் கடைசியில் அங்கேதான் தடுமாறுகிறீர்கள்.

ஹைகோர்ட்டில் போய் நான் இந்தச் சாதிதான் என்று நிரூபிக்கலாம் என்று நினைக்கிறீர்கள். அரசு உத்தரவை எதிர்த்து அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவில் போடும் ரிட் மனு அதற்கான இடம் இல்லை. அங்கே சாட்சிகளைக் கூண்டில் ஏற்ற மாட்டார்கள். ஊர்ப் பெரியவர்களைக் கூப்பிட்டு விசாரிக்க மாட்டார்கள். நீதிபதிகள் பார்ப்பது, உங்கள் சான்றிதழை விசாரித்து ரத்து செய்த குழு எப்படி முடிவெடுத்தது என்பதை. உங்களுக்குப் பேச வாய்ப்பு கொடுத்தார்களா, நீங்கள் கொடுத்த ஆவணங்களைப் பார்த்தார்களா, சம்பந்தமில்லாத ஒன்றை வைத்து முடிவுக்கு வந்தார்களா, காரணம் எழுதினார்களா என்பதைத்தான் பார்ப்பார்கள். நீதிப் புனராய்வு என்று சட்டத்தில் சொல்வது இதைத்தான். அதனால் உங்கள் மனு உங்கள் பரம்பரையைப் பற்றிய கட்டுரையாக இருக்கக் கூடாது. குழுவின் கோப்பைப் பற்றியதாக இருக்க வேண்டும்.

இந்த எல்லையை உச்ச நீதிமன்றம் கறாராகவே வைத்திருக்கிறது. மகாராஷ்டிரத்தில் அமராவதி தனித் தொகுதி எம்.பி.யாக இருந்த நவ்நீத் ராணாவின் சாதிச் சான்றிதழை, சான்றிதழ்களைச் சரிபார்க்கும் அங்குள்ள கூர்நோக்குக் குழு செல்லும் என்றது. 2021 ஜூனில் பம்பாய் உயர் நீதிமன்றம் ஆவணங்களைத் தானே அலசி அதை ரத்து செய்து, இரண்டு லட்சம் ரூபாய் செலவுத்தொகையும் விதித்தது. 2024 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நீக்கிவிட்டது. குழு ஆவணங்களைப் பார்த்து, நடைமுறைப்படி முடிவு எடுத்திருக்கும்போது, ரிட் மனுவில் உயர் நீதிமன்றம் அதே ஆவணங்களை மறுபடி எடைபோட்டு வேறு முடிவுக்கு வரக் கூடாது என்பதுதான் அதன் சாரம். அந்தத் தீர்ப்பு ராணாவுக்குச் சாதகம். ஆனால் குழுவே எதிராக முடிவு எடுத்திருக்கும் உங்களைப் போன்றவர்களுக்கு அதே விதி மறுபக்கம் வெட்டும். குழு நடைமுறையைச் சரியாகப் பின்பற்றியிருந்தால், முடிவு பிடிக்கவில்லை என்பதற்காக மட்டும் உங்களாலும் அதை உடைக்க முடியாது.

உங்கள் விஷயத்தில் அவர்கள் பின்பற்றவில்லை. அதுதான் உங்கள் பலம்.

சாதிச் சான்றிதழின் மெய்த்தன்மையை எப்படி விசாரிக்க வேண்டும் என்பதற்கு 1994 செப்டம்பரில் குமாரி மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் 15 வழிகாட்டுதல்கள் கொடுத்தது. தமிழ்நாட்டில் பட்டியல் சாதிச் சான்றிதழ்களைப் பார்க்கும் கலெக்டர் தலைமையிலான மாவட்ட விழிக்கண் குழுவும், பழங்குடிச் சான்றிதழ்களைப் பார்க்கும் மாநிலக் கூர்நோக்குக் குழுவும் அதன்படி வந்தவைதான். அந்த வழிகாட்டுதலின்படி, விசாரணை அறிக்கை உங்களுக்கு எதிராக இருந்தால் அதன் நகலோடு பதிவுத் தபாலில் நோட்டீஸ் வர வேண்டும். பதில் தர இரண்டு வாரம் கொடுக்க வேண்டும், கேட்டால் 30 நாள் வரை நீட்டிக்கலாம். அப்புறம் நேரில் கேட்க வேண்டும், சாட்சியம் தர இடம் தர வேண்டும். முந்தின நாள் சாயங்காலம் நோட்டீஸ், நகல் கிடையாது, அவகாசம் கிடையாது. இந்த மூன்றும் உத்தரவிலேயோ கோப்பிலேயோ தெரிந்தால், அந்த உத்தரவு நிற்பது கஷ்டம்.

இதில் ஒரு எச்சரிக்கை. இந்தக் காரணத்துக்காக மட்டும் நீங்கள் ஜெயித்தால், கோர்ட் பெரும்பாலும் என்ன செய்யும் தெரியுமா? உத்தரவை ரத்து செய்து, நகலைக் கொடுத்து மறுபடி விசாரியுங்கள் என்று குழுவுக்கே திருப்பி அனுப்பும். அது வெற்றிதான், ஆனால் பாதி வெற்றி. திரும்பவும் அதே மேஜைக்கு முன்னால் உட்காரப் போகிறீர்கள். அதனால் இப்போதிருந்தே ஆவணங்களைச் சேர்க்க ஆரம்பியுங்கள். அதற்கு வருகிறேன்.

அதற்கு முன் அந்தச் சிலுவை. பல வருடங்களுக்கு முன் நான் பார்த்த ஒரு கோப்பில் இப்படி ஒரு போட்டோ இருந்தது. ஒரு சின்ன வீட்டின் முன்னறை. சுவரில் வேளாங்கண்ணி மாதா படம் போட்ட காலண்டர். அதைச் சுற்றி சிவப்பு மையில் வட்டம் போட்டிருந்தார்கள். அதே போட்டோவின் ஓரத்தில், வட்டத்துக்கு வெளியே, ஒரு பலகையில் முருகன் படமும் எண்ணெய் ஏறிக் கறுத்த அகல் விளக்கும் இருந்தன. அறிக்கையில் காலண்டரைப் பற்றி ஒரு பத்தி, விளக்கைப் பற்றி ஒரு வரி கூட இல்லை. அந்த வழக்கில் எங்கள் வாதத்தில் பாதி அந்த விளக்கு. உங்கள் வீட்டில் எடுத்த போட்டோக்களையும் முழுதாகக் கேட்டு வாங்குங்கள். அவர்கள் வெட்டி ஒட்டியதை மட்டும் பார்த்துவிட்டு இருந்துவிடாதீர்கள்.

உங்கள் நிலைமைக்கு மிக நெருக்கமான தீர்ப்பு ஒன்று 2021-இல் சென்னை உயர் நீதிமன்றத்திலேயே வந்திருக்கிறது. ராமநாதபுரம் மாவட்டத்து மருத்துவர் ஒருவர், இந்து பள்ளர் பெற்றோருக்குப் பிறந்தவர், கிறிஸ்தவரைத் திருமணம் செய்தவர். அவருடைய கிளினிக் சுவரில் சிலுவை மாட்டியிருந்ததைப் பார்த்துவிட்டு, மதம் மாறிவிட்டார் என்று சான்றிதழை ரத்து செய்தார்கள். அப்போதைய தலைமை நீதிபதி சஞ்ஜிப் பானர்ஜி இருந்த இருவர் அமர்வு அந்த உத்தரவை ரத்து செய்து சான்றிதழைத் திருப்பிக் கொடுத்தது. கணவரோடும் பிள்ளைகளோடும் தேவாலயத்துக்குப் போவதாலேயே ஒரு பெண் தன் மதத்தைக் கைவிட்டுவிட்டாள் என்று ஆகாது என்பது அந்தத் தீர்ப்பு. உங்கள் வக்கீல் அதை மனுவோடு இணைக்க வேண்டும்.

திருமணத்தால் சாதி மாறாது என்பதும் பழைய சட்டம்தான். 2018-இல் சுனிதா சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைத் திரும்பவும் சொன்னது. அங்கே கதை வேறு மாதிரி. முன்னேறிய சாதியில் பிறந்த பெண், பட்டியல் சாதிக்காரரைத் திருமணம் செய்து, அந்தச் சான்றிதழில் ஆசிரியர் வேலை பார்த்தார். கல்யாணத்தால் அவருக்குக் கணவர் சாதி வராது என்றது கோர்ட். கல்யாணத்தால் வராத சாதி, கல்யாணத்தால் போகவும் போகாது.

ஆனால் மதம் வேறு. இங்கே நான் உங்களிடம் நேராகவே கேட்க வேண்டியிருக்கிறது. 1950-ஆம் ஆண்டு பட்டியல் சாதிகள் ஆணையின் மூன்றாவது பத்தி, இந்து, சீக்கிய, பௌத்த மதங்களைச் சாராதவரைப் பட்டியல் சாதியாகக் கருதாது. இது நியாயமா என்ற விவாதம் நாட்டில் நடக்கிறது. எனக்கும் அதில் கருத்து உண்டு. ஆனால் இன்றைக்கு இதுதான் சட்டம். 2024 நவம்பரில் புதுச்சேரியைச் சேர்ந்த செல்வராணி வழக்கில், ஞானஸ்நானம் பெற்று தேவாலயத்துக்கு ஒழுங்காகப் போய்வரும் ஒருவர் வேலைக்காக மட்டும் தன்னை இந்து என்று சொல்லிக்கொள்ள முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஞானஸ்நானம் வாங்கவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். நம்புகிறேன். கல்யாணத்துக்கு முன்னால் சம்பிரதாயத்துக்காக என்று ஏதாவது நடந்திருந்தால், இப்போதே உங்கள் வக்கீலிடம் சொல்லிவிடுங்கள். எதிர்த் தரப்பு பதிவேட்டை எடுத்து வந்து நீட்டும் நாளில் அவருக்கு அது தெரிய வரக் கூடாது.

வாங்கவில்லை என்றால் அதே பதிவேடு உங்களுக்குச் சாட்சி. 1872-ஆம் ஆண்டு இந்தியக் கிறிஸ்தவத் திருமணச் சட்டம், மணமக்களில் ஒருவர் மட்டும் கிறிஸ்தவராக இருந்தாலும் பொருந்தும். அதனால் தேவாலயத்தில் கல்யாணம் நடந்தது என்பதாலேயே இருவரும் கிறிஸ்தவர் என்று ஆகாது. கத்தோலிக்கத் திருச்சபையில், ஞானஸ்நானம் பெறாதவரை ஒருவர் மணப்பதற்கு ஆயரின் தனி அனுமதி வேண்டும். அப்படி அனுமதி வாங்கியிருந்தால் பங்குத்தந்தை அலுவலகத்தில் அந்தக் காகிதம் இருக்கும். பதிவேட்டின் சான்றிட்ட நகலையும் அந்த அனுமதிக் கடிதத்தையும் கேட்டு வாங்குங்கள். உங்கள் கணவர் போய்க் கேட்டால் எளிதாகக் கிடைக்கும்.

மற்ற ஆவணங்களில் எனக்கு மிகவும் பிடித்தது தாத்தாவின் பஞ்சமி நிலம். வெள்ளைக்காரர் காலத்தில் 1892-இல் தாழ்த்தப்பட்ட மக்களுக்கென்று நிலம் ஒதுக்க ஆரம்பித்தார்களே, அந்த வகை ஒப்படைப்பு ஆவணத்தில் சாதி பதிவாகியிருக்கும். எந்தத் தேர்தலையும் மனதில் வைத்து எழுதப்பட்ட காகிதம் இல்லை அது. சர்ச்சை வருவதற்கு வெகு காலம் முன்பே உண்டான ஆவணங்களுக்கு, அதிலும் சுதந்திரத்துக்கு முந்தையவற்றுக்கு, கூடுதல் மதிப்பு தர வேண்டும் என்று 2011-இல் ஆனந்த் என்பவர் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. அது பழங்குடிச் சான்றிதழ் வழக்கு என்றாலும் ஆவணம் பற்றிய அந்த வாதம் இங்கேயும் உதவும். தாலுகா அலுவலகத்தில் கிராம நிலக் கணக்கான 'ஏ' பதிவேட்டின் நகலும் ஒப்படைப்பு நகலும் கேட்டு மனு கொடுங்கள். அப்பா படித்த பள்ளியின் சேர்க்கைப் பதிவேட்டுப் பகுதி, அண்ணன் தம்பிகளின் சான்றிதழ்கள், அப்பா தாட்கோ (ஆதிதிராவிடர் வீட்டுவசதி மற்றும் மேம்பாட்டுக் கழகம்) கடன் வாங்கியிருந்தால் அந்தக் காகிதம், ஊர்க் கோயில் திருவிழாவுக்கு உங்கள் பெயரில் கட்டிய வரி ரசீது, எல்லாம் வேண்டும். கல்யாணத்துக்குப் பிறகும் நீங்கள் ஊர்க் கோயிலில் வரி கட்டியிருந்தால் அந்த ரசீது, மதம் மாறவில்லை என்பதற்கு நேரடிச் சாட்சி.

ஒரு விஷயத்தில் பயப்பட வேண்டாம். டி.சி.யில் பள்ளர் என்றும் பிறகு வாங்கிய சான்றிதழில் தேவேந்திரகுல வேளாளர் என்றும் இருந்தால் அதை முரண்பாடு என்று யாராவது கிளப்பலாம். 2021-இல் நாடாளுமன்றம் சட்டம் இயற்றி, பள்ளர், குடும்பர், தேவேந்திரகுலத்தார் உள்ளிட்ட ஏழு பெயர்களை அந்த ஒரே பெயரின் கீழ் கொண்டுவந்தது. பெயர்தான் மாறியது.

சரி, இப்போது செய்ய வேண்டியது. உத்தரவின் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள். மேல்முறையீடு செய்ய இடமும் கெடுவும் அதில் எழுதியிருந்தால் அதை வக்கீலிடம் முதல் நாளே காட்டுங்கள். இருக்கிற வழியை விட்டுவிட்டு ஏன் இங்கே வந்தீர்கள் என்பது அரசு வக்கீலின் முதல் கேள்வியாக இருக்கும். பேச உரிய வாய்ப்புத் தர வேண்டும் என்ற இயற்கை நீதி மீறப்பட்ட வழக்கில் அந்தத் தடையைத் தாண்ட முடியும், ஆனால் பதில் தயாராக இருக்க வேண்டும். சிவில் கோர்ட்டுக்குப் போகவே போகாதீர்கள். மாதுரி பாட்டீல் தீர்ப்பு அந்த வழியை அடைத்துவிட்டது. 2011-இல் தயாராம் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வும் அந்த ஏற்பாட்டைப் பொதுவாக ஏற்றுக்கொண்டது.

ரிட் மனு மதுரைக் கிளையில். ரத்து உத்தரவுக்கு இடைக்காலத் தடை கேளுங்கள். பதவி நீக்க நோட்டீஸ் வேறு நடவடிக்கை. ஹைகோர்ட்டில் கேஸ் இருக்கிறதே என்று அதற்குப் பதில் எழுதாமல் விட்டுவிடாதீர்கள். தலைவர்கள் பலர் பதவி இழப்பது இங்கேதான். நகல் தரப்படவில்லை, உத்தரவை எதிர்த்து வழக்குத் தொடர்கிறேன், அது முடியும்வரை நிறுத்திவையுங்கள் என்று கெடுவுக்குள் எழுத்தில் கொடுத்து, ஒப்புகைச் சீட்டு வாங்குங்கள். உங்கள் பதவிக்காலம் 2026 அக்டோபர் வரைதான் என்பதால் ஒவ்வொரு வாரமும் முக்கியம். பணம் ஒரு தடையாக இருந்தால், பெண் என்ற முறையிலேயே உங்களுக்கு இலவசச் சட்ட உதவி உண்டு. 1987-ஆம் ஆண்டுச் சட்டம் அதற்கு வருமான வரம்பு பார்க்கவில்லை. மதுரைக் கிளையிலேயே சட்டப் பணிகள் குழு இருக்கிறது.

எதிர்த் தரப்பு தேர்தல் வழக்குப் போடாததைப் பற்றி எழுதியிருந்தீர்கள். தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 258-ஆவது பிரிவின்படி, முடிவு வெளியான 45 நாளுக்குள் மாவட்ட நீதிபதியிடம் தேர்தல் மனு போட வேண்டும். அவர்கள் போடவில்லை. அதனால் எல்லாம் முடிந்தது என்று உங்கள் ஊரில் யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 1984-இல் லால்குடி சட்டமன்றத் தொகுதியில் ஜெயித்தவர், அந்தத் தொகுதி வாக்காளரே இல்லை, பட்டியலில் இருந்த அதே பெயருள்ள வேறொருவரின் பதிவைப் பயன்படுத்தினார் என்று வழக்கு வந்தது. தேர்தல் மனுவுக்கான காலம் போய்விட்டிருந்தாலும் ரிட் மனுவில் உயர் நீதிமன்றம் தலையிட்டது சரியே என்று 1999-இல் வெங்கடாசலம் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அடிப்படைத் தகுதியே இல்லாதவரைக் காலக்கெடு காப்பாற்றாது. ஆனாலும் மூன்று வருடம் சும்மா இருந்தார்கள் என்பதை மனுவில் எழுதுங்கள். புகாரின் நோக்கத்தை அது காட்டும்.

அடுத்த தேர்தலுக்கு வருவோம். வேட்புமனுவைத் தள்ளிவிட்டால் ஹைகோர்ட் உடனே தலையிடும் என்று எண்ண வேண்டாம். 1951-52 பொதுத் தேர்தலில் நாமக்கல் தொகுதியில் பொன்னுசாமி என்பவரின் வேட்புமனுவைத் தேர்தல் அதிகாரி தள்ளினார். அவர் ஹைகோர்ட்டுக்கும் உச்ச நீதிமன்றத்துக்கும் போனார். தேர்தல் என்றால் அறிவிப்பிலிருந்து முடிவு வரை முழு நடவடிக்கையும் சேர்ந்தது, நடுவில் கோர்ட் புகாது, முடிந்த பிறகு தேர்தல் மனு போடுங்கள் என்று 1952 ஜனவரியில் தீர்ப்பு. ஊராட்சித் தேர்தலுக்கு அரசியல் சட்டத்தின் 243-ஓ பிரிவு அதே வேலியைப் போட்டிருக்கிறது. அதனால் அறிவிப்பு வரும் முன்பே ரத்து உத்தரவுக்குத் தடை கையில் இருக்க வேண்டும். குழுவின் உத்தரவை எதிர்ப்பது தேர்தலை எதிர்ப்பது ஆகாது என்பதால் அதற்கு இந்த வேலி குறுக்கே வராது. பரிசீலனை நாளில் சான்றிதழோடு தடை உத்தரவின் சான்றிட்ட நகலையும் அதிகாரியிடம் கொடுத்து, கொடுத்ததைப் பதிவு செய்யச் சொல்லுங்கள். மகாராஷ்டிரத்தில் கெடுவுக்குள் சரிபார்ப்புச் சான்று காட்டாவிட்டால் பதவி போகும் என்று வாட்ஸ்அப்பில் சுற்றும் செய்தியைப் பார்த்துப் பதற வேண்டாம். அது அந்த மாநிலத்தின் தனிச் சட்டம்.

உங்களுக்கு எதிராக மனு கொடுத்தவர்கள் மேல் கோபம் இருக்கும். இருந்தாலும் இந்தச் சரிபார்ப்பே வேண்டாம் என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். 1997 ஜூன் 30 அன்று, மதுரை மாவட்டத்தில் பட்டியல் இனத்தவருக்கு ஒதுக்கப்பட்ட மேலவளவு ஊராட்சியின் தலைவர் முருகேசனையும் அவரோடு வந்தவர்களையும் பேருந்தை மறித்துக் கொன்றார்கள். அதேபோல் ஒதுக்கப்பட்ட பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், கொட்டகச்சியேந்தல் ஊராட்சிகளில் 2006 வரை ஒரு பட்டியல் இனத்தவர் தலைவராக உட்கார முடியவில்லை. அவ்வளவு விலை கொடுத்து வந்த நாற்காலியில் பொய்ச் சான்றிதழோடு ஒருவர் உட்காருவது திருட்டு. அதைப் பிடிக்க விசாரணை வேண்டும்தான். அதே விசாரணையை வைத்து, உரிமையுள்ள ஒரு பெண்ணை அறிக்கையைக் கூடக் காட்டாமல் எழுப்பிவிடுவதும் அதே அளவு பெரிய அநியாயம். உங்கள் வழக்கை நீங்கள் நடத்தித்தான் ஆக வேண்டும் என்று நான் வற்புறுத்துவது இதனால்தான்.

கடைசியாக, அந்த விசாரணை நோட்டீஸ் வந்த உறை. தூக்கிப் போட்டிருக்க மாட்டீர்கள் என்று நம்புகிறேன். அதில் தபால் நிலையம் குத்திய முத்திரைத் தேதியும் பதிவு எண்ணும் இருக்கும். போதிய வாய்ப்பு கொடுத்தோம் என்று குழு எழுதியிருந்தால், அதற்குப் பதில் அந்த உறைதான். இரண்டு பக்கமும் நகல் எடுத்துவிட்டு, ஒரிஜினலைப் பிளாஸ்டிக் கவரில் போட்டு, முதல் சந்திப்பிலேயே வக்கீல் கையில் கொடுங்கள். தபால் நிலையத்தில் அந்த எண்ணுக்கு எந்தத் தேதியில், எத்தனை மணிக்குப் பட்டுவாடா ஆனது என்று எழுத்தில் கேட்டு வாங்கவும் இந்த வாரமே ஆளை அனுப்புங்கள்.